குடும்பம் குடும்பம் என்கிறீர்கள், எங்கள் ஞாயிற்றுக்கிழமையை என்ன செய்தீர்கள்?

பிரித்தானியப் பாராளுமன்றத்தில் இருக்கிற, முன்பு இருந்த, இனி வரக் காத்திருக்கிற கன்சர்வேட்டிவ் கட்சி ஐயாமாருக்கும் அம்மாமாருக்கும்,

வணக்கம். இன்று ஞாயிற்றுக்கிழமை. வேலை முடிந்து வந்து, சாப்பிட்டு, கோப்பைகளைக் கழுவி வைத்துவிட்டு, குசினி மேசையில் இருந்து இதை எழுதுகிறேன். வடமேற்கு லண்டனில் ஒரு பெரிய சுப்பர்மார்க்கெட்டில் டில்லில், அதாவது காசு வாங்குகிற கவுண்டரில், நிற்கிறவன் நான். இருபத்து மூன்று வருசம். என் பெயரும் வேண்டாம், கடையின் பெயரும் வேண்டாம். இது அந்தக் கடையோடு எனக்கு இருக்கிற கணக்கு இல்லை, உங்களோடு இருக்கிற கணக்கு, ஞாயிறும் பெரிய கடைகளைத் திறக்கவிட்ட கணக்கு.

முதலே ஒன்றைச் சொல்லிவிடுகிறேன், ஏதோ ஒரு இடதுசாரியின் புலம்பல் என்று இதை ஒதுக்கிவிடாதீர்கள். எனக்குக் கோயில் வேண்டும். பிள்ளைகள் தாய் தகப்பனோடு வளரவேண்டும் என்று நினைக்கிறவன். கலியாணம் என்றால் கொஞ்சம் பொறுத்துப்போய்க் காப்பாற்றவேண்டியது என்று நம்புகிறவன். என் மகள் என்னை "பழசு" என்றுதான் கூப்பிடுகிறாள். இரண்டு தேர்தலில் உங்களுக்கே வாக்குப் போட்டேன். அது மனுசிக்கு இன்றுவரை தெரியாது, இதை வாசித்தால் தெரிந்துவிடும், பரவாயில்லை.

2023 மே மாதம் வெஸ்ட்மின்ஸ்டரில் தேசியப் பழமைவாத மாநாடு என்று ஒன்று நடந்தது, ஞாபகம் இருக்கும். பாராளுமன்ற உறுப்பினர் டேனி க்ரூகர் பேசினார், அப்போது உங்கள் கட்சி, இப்போது ரிஃபோர்ம் கட்சிப் பக்கம் போய்விட்டார். தாயும் தகப்பனும் பிள்ளைகளுக்காகவும் தங்களைப் பெற்றவர்களுக்காகவும் சேர்ந்தே இருக்கிற குடும்பம்தான் ஒரு நாட்டுக்கு அடித்தளம் என்ற பொருளில் பேசினார். அப்போது உங்கள் கட்சி உறுப்பினராக இருந்த மிரியம் கேட்ஸ் அம்மா, பிள்ளைப்பேறு குறைவதுதான் மேற்குலகத்துக்கு இருக்கிற பெரிய ஆபத்து என்று சொன்னார். வேலைக்குப் போகிற பஸ்ஸில் இருந்து ஃபோனில் பார்த்தேன். தலையாட்டிக்கொண்டுதான் பார்த்தேன், பொய் சொல்லவில்லை. இந்த நாட்டில் இதை வாய்விட்டுச் சொல்ல யாரோ இருக்கிறார்களே என்று இருந்தது.

பஸ் நின்றது, இறங்கினேன். அங்கே என் மனுசி நின்றாள். அவள் முதியோர் இல்லத்தில் இரவு வேலை. நான் இறங்குகிற அந்தத் தரிப்பில்தான் அவள் வீட்டுக்குப் போகிற பஸ்ஸைப் பிடிப்பாள்.

"மகன் எழும்பிட்டானோ?"

"ஓம். பால் குடிச்சிட்டான்."

அவளுடைய பஸ் வந்துவிட்டது. அந்த வாரத்தில் நாங்கள் இரண்டு பேரும் முகத்தைப் பார்த்துக் கதைத்தது அவ்வளவுதான். மிச்சமெல்லாம் ஃபிரிட்ஜ் கதவில் ஒட்டின துண்டுகளில். அவள் ஏறினாள், நான் கடைக்கு நடந்தேன். மேடையில் நின்ற அந்த ஆக்களை எனக்குப் பிடித்திருந்தது, ஆனால் எங்களை இப்படி பஸ் தரிப்பில் குடும்பம் நடத்த விட்டது யார் என்று அவர்களில் ஒருவரும் அன்று சொல்லவில்லை. அதுதான் மனதில் கிடந்து அரிக்கிறது.

கதையை நீங்கள் மறந்திருப்பீர்கள், நான் ஞாபகப்படுத்துகிறேன். 1986 ஏப்ரல் 14. மார்கரெட் தாட்சர் அம்மையாரின் அரசாங்கம் ஞாயிற்றுக்கிழமைக் கடைக் கட்டுப்பாடுகளை அடியோடு எடுத்துவிட ஒரு மசோதா கொண்டு வந்தது. தாட்சர் யார்? கிரான்தம் என்ற ஊரில் பலசரக்குக் கடை வைத்திருந்த, மெதடிஸ்ட் சபையில் பிரசங்கம் செய்த ஒருவரின் மகள். ஞாயிற்றுக்கிழமை என்றால் தேவாலயம், திரும்பவும் தேவாலயம் என்று வளர்ந்தவர். அவருக்கு அன்று பாராளுமன்றத்தில் பெரும்பான்மை கூரையைத் தொட்டது. ஆனாலும் மசோதா தோற்றது, 296 க்கு 282. தோற்கடித்தது தொழிற்கட்சி மட்டும் இல்லை, உங்கள் கட்சியிலேயே 72 பேர் எதிராக வாக்குப் போட்டார்கள். வெளியே தேவாலயங்களும் கடைத் தொழிலாளர் சங்கமும் ஒரே பக்கத்தில் நின்றன. பாதிரியாரும் தொழிற்சங்கக்காரரும் ஒரே துண்டுப் பிரசுரத்தைக் கையில் வைத்துக்கொண்டு தெருவில் நிற்பதை நினைத்துப் பாருங்கள். கன்சர்வேட்டிவ், அதாவது பழமையைக் காக்கிறவன், என்ற சொல்லுக்கு என் அகராதியில் பொருள் அந்த 72 பேர்தான்.

பழைய சட்டம் நல்ல சட்டம் என்று நான் சொல்லவரவில்லை. 1950 இல் போட்ட சட்டம், பார்த்தால் சிரிப்புத்தான் வரும். ஞாயிற்றுக்கிழமை நிர்வாணப் படப் பத்திரிகை விற்கலாம், பைபிள் விற்கக்கூடாது. மீனும் சிப்ஸும் சீன டேக்அவேயில் வாங்கலாம், மீன் சிப்ஸ் கடையில் வாங்கக்கூடாது. இப்படி ஒரு சட்டத்தை எவ்வளவு நாளைக்குக் கட்டிக்காப்பது? சில பெரிய கடைகள் வேண்டுமென்றே திறந்து, அபராதம் கட்டி, திரும்பவும் திறந்தன. கடைசியில் ஜோன் மேஜர் பிரதமராக இருந்த காலத்தில், 1994 இல், ஒரு நடுவழிச் சட்டம் வந்தது. 280 சதுர மீட்டருக்கு மேற்பட்ட கடைகள் ஞாயிறு காலை பத்துக்கும் மாலை ஆறுக்கும் இடையில் தொடர்ந்து ஆறு மணித்தியாலம் திறக்கலாம். சின்னக் கடைகளுக்குக் கட்டுப்பாடு இல்லை. ஈஸ்டர் ஞாயிறு பெரிய கடைகள் பூட்டு. அந்தச் சட்டம்தான் இன்றைக்கும் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் நடக்கிறது.

அது எங்கள் கடையில் எப்படி நடக்கிறது என்று சொல்கிறேன், நீங்கள் யாரும் அந்த நேரத்தில் வந்திருக்கமாட்டீர்கள். ஒன்பதரைக்குக் கதவைத் திறந்துவிடுவோம். சட்டப்படி விற்கத்தான் கூடாது, பார்க்கலாம். சனம் ட்ரொலியைத் தள்ளிக்கொண்டு வந்து, பால், பாண், கோழி எல்லாம் அடுக்கி முடித்து, பத்துக்கு ஐந்து நிமிசம் இருக்கும்போது டில்லுக்கு முன்னால் வரிசையில் நிற்கும். நான் டில்லில் இருப்பேன். டில் திறக்காது. அவர்கள் என்னைப் பார்ப்பார்கள், நான் அவர்களைப் பார்ப்பேன். ஒரு கிழவர் ஒவ்வொரு ஞாயிறும் கையில் ஒரேயொரு பத்திரிகையோடு நின்று மணிக்கூட்டைப் பார்த்துப் பெருமூச்சு விடுவார். ஐந்து நிமிசம் முழு இங்கிலாந்தும் ஏதோ பிரார்த்தனைக்கு நிற்கிற மாதிரி அமைதியாக நிற்கும். பிறகு ஒலிபெருக்கியில் அறிவிப்பு வரும், முதல் "பீப்" கேட்கும். பத்து மணி. முன்பு அதே நேரத்தில் இந்த ஊரில் மணி அடித்தது வேறு இடத்தில்.

எங்கள் கடையில் ஒரு வெள்ளைக்கார அம்மா இருந்தார். நான் சேர்ந்தபோது அவருக்கு ஐம்பதுக்கு மேல். மெதடிஸ்ட். ஞாயிறு வேலை செய்யமாட்டேன் என்று எழுதிக் கொடுத்திருந்தார். சட்டத்தில் அதற்கு இடம் இருக்கிறது, கடைத் தொழிலாளி மூன்று மாத முன்னறிவிப்புக் கொடுத்து ஞாயிறு வேலையிலிருந்து விலகலாம், அதற்காக வேலையால் நிறுத்தமுடியாது. (ஞாயிறு மட்டும் வேலை என்று எடுக்கப்பட்டவர்களுக்கு அந்த உரிமை இல்லை.) யாரும் அவரைத் தொந்தரவு செய்யவில்லை. கூடுதல் நேரம் கேட்டால் மட்டும், ஏனோ, அவருக்குக் கிடைக்காது. அவரும் அதைக் கணக்கில் எடுக்கவில்லை. ஞாயிறு காலை சபை, பிறகு தமக்கை வீட்டில் மதியச் சாப்பாடு, திங்கட்கிழமை வந்து எனக்கு அதைச் சொல்லுவார், யார் வந்தார்கள், என்ன பாட்டுப் பாடினார்கள், எந்தப் பேரப்பிள்ளை வரவில்லை என்று.

வரவில்லை, வரவில்லை என்று அந்தக் கணக்குக் கூடிக்கொண்டே போனது. ஒரு பேரன் காப்பிக் கடையில், ஒரு பேத்தி தளபாடக் கடையில், மருமகன் பொருட்கள் அனுப்புகிற கிடங்கில். எல்லோருக்கும் ஞாயிறு ஷிஃப்ட். சபையில் முப்பது பேர் இருபதாகி, பன்னிரண்டாகி, கட்டடத்தை விற்றுவிட்டார்கள். இப்போது அது ஃப்ளட் வீடுகள். அதற்கு அடுத்த மாதம் அந்த அம்மா மனேஜரிடம் போய், ஞாயிறும் வருகிறேன் என்று தானாகவே எழுதிக் கொடுத்தார். ஏன் என்று கேட்டேன். வீட்டில் தனியாக இருப்பதைவிட உன் பக்கத்து டில்லில் இருக்கலாம் என்றார். ஓய்வு பெறும்வரைக்கும் ஒவ்வொரு ஞாயிறும் எனக்குப் பக்கத்தில் இருந்தார்.

இதை நான் ஏன் சொல்கிறேன் என்றால், நீங்கள் சட்டத்தில் அந்த அம்மாவுக்கு உரிமை கொடுத்தீர்கள், உண்மை. ஆனால் தனி ஆளுக்குக் கொடுக்கிற ஓய்வை வைத்து அவர் என்ன செய்வது? எனக்குச் செவ்வாய்க்கிழமை லீவு. செவ்வாய்க்கிழமை நான் யாரோடு இருப்பது? பிள்ளைகள் பள்ளியில், மனுசி நித்திரையில், சிநேகிதர்கள் வேலையில். கோயிலுக்குப் போனால் ஐயரும் நானும்தான். எல்லோருக்கும் ஒரே நேரத்தில் கிடைத்தால்தான் அதற்குப் பெயர் குடும்பம், சபை, ஊர். கிரிக்கெட் விளையாடப் பதினொரு பேர் வேண்டும், பதினொரு பேருக்கும் வேறு வேறு நாளில் லீவு கொடுத்துவிட்டு ஏன் இந்த நாட்டில் யாரும் விளையாடுவதில்லை என்று மாநாடு வைத்தால் எப்படி?

2021 குடிசனக் கணக்கெடுப்பு வந்தபோது உங்கள் ஆக்கள் பலர் கவலைப்பட்டார்கள். இங்கிலாந்திலும் வேல்ஸிலும் கிறிஸ்தவர் என்று எழுதினவர்கள் 46.2 வீதம், பத்து வருசத்துக்கு முன் 59.3. முதல்முறையாகப் பாதிக்குக் கீழே. காரணம் கேட்டால் பள்ளிக்கூடம், பல்கலைக்கழகம், தொலைக்காட்சி, குடியேறிகள் என்று ஒரு பட்டியல் வரும். 1994 க்கு முன்பே தேவாலயங்கள் வெறுமையாகத் தொடங்கிவிட்டன, எல்லாவற்றையும் கடைத் தலையில் போட நான் ஆள் இல்லை. ஆனால் அந்தப் பட்டியலில் ஞாயிறு பத்து மணி என்று ஒரு வரியை உங்களில் எவரும் எழுதிப் பார்த்ததாக எனக்கு ஞாபகம் இல்லை. எழுதினால் கையெழுத்து உங்களுடையதாக இருக்கும், அதனாலோ என்னவோ.

குடியேறிகள் என்றதும் ஒன்று. லண்டனில் பல பழைய தேவாலயங்களில் இன்றைக்கும் விளக்கு எரிவது ஆபிரிக்காவிலிருந்தும் கேரளாவிலிருந்தும் பிலிப்பைன்ஸிலிருந்தும் வந்த சனத்தால். எங்கள் தமிழ்க் கிறிஸ்தவர்கள் வெள்ளைக்காரர் பூசை முடிந்து போன பிறகு அதே மண்டபத்தில் பின்னேரம் கூடுகிறார்கள். ஈலிங்கில் கனகதுர்க்கை அம்மன் இருப்பதே ஒரு பழைய கிறிஸ்தவ ஆலயக் கட்டடத்தில்தான். அவளுக்குத் தேர் ஞாயிற்றுக்கிழமைதான் ஓடும். பஞ்சாங்கம் வேறு நாள் சொன்னாலும் இந்த நாட்டில் கலியாணம், நூல் வெளியீடு, அந்தியேட்டி, ஊர்ச் சங்கக் கூட்டம் எல்லாவற்றையும் நாங்கள் சனி ஞாயிறுக்குத்தான் இழுத்து வைக்கிறோம், மற்ற நாள் வைத்தால் சனம் வராது. இந்த நாள் உங்கள் சாமி தந்தது. 321 ஆம் ஆண்டில் ரோம மன்னன் கொன்ஸ்தந்தீன் சட்டம் போட்ட நாளிலிருந்து வருவது. அதன் நிழலில் ஒதுங்கினவர்கள் நாங்கள். மரத்தை வெட்டினது ஒதுங்கினவன் இல்லை.

இங்கே ஒரு உண்மையையும் சொல்லவேண்டும், இல்லாவிட்டால் மனச்சாட்சி குத்தும். என் மாமா ஒரு சின்னக் கடை வைத்திருக்கிறார். பால், பியர், லொத்தர், கொத்தமல்லி, கறித்தூள். பெரிய கடைகள் ஞாயிறு நாலு மணிக்கு மூடின பிறகுதான் அவருடைய வியாபாரமே சூடு பிடிக்கும். அந்தக் கட்டுப்பாடு போனால் அவருக்கு ஞாயிறு வருமானம் போச்சு. ஆகவே எங்கள் குடும்பத்துக்கு இதில் ஆதாயம் இருக்கிறது. ஆனால் மாமா முப்பது வருசமாக ஒரு ஞாயிறுகூட மாமியோடு உட்கார்ந்து சாப்பிட்டதில்லை என்பதும் அதே கணக்குப் புத்தகத்தில்தான் இருக்கிறது. அவருடைய இரண்டு பெடியன்களும் படித்து வேறு வேலைக்குப் போய்விட்டார்கள், கடையை எடுக்க ஆள் இல்லை. ஏன் எடுக்கவில்லை என்று கேட்டால் பெரியவன் "அப்பாவை நாங்கள் கவுண்டருக்குப் பின்னால்தானே பார்த்தோம்" என்கிறான்.

நானும் சுத்தமானவன் இல்லை. லீவு ஞாயிறு கிடைத்தால் மத்தியானம் இன்னொரு கடைக்குப் போய்ச் சாமான் வாங்குகிறேன், அங்கே டில்லில் என்னைப் போல ஒருவன் இருக்கிறான். அதே மாதிரி, வார நாளில் படிக்கிற பெடியங்களுக்கு ஞாயிறு ஷிஃப்ட் ஒரு உதவி, அதையும் மறுக்கமாட்டேன். முன்பு அந்த நாளுக்கு ஒரு விலையாவது இருந்தது. நான் சேர்ந்த காலத்தில் ஞாயிறு என்றால் ஒன்றரைச் சம்பளம். பிறகு ஒன்றேகால். இப்போது செவ்வாயும் ஞாயிறும் ஒரே விலை. சந்தைக்காரனே அந்த நாளை வேறு நாள் என்று மதித்த காலம் ஒன்று இருந்தது.

சரி, 1994 பழைய கதை என்பீர்கள். 2015 இல் உங்கள் நிதியமைச்சர் ஜோர்ஜ் ஒஸ்போர்ன் பட்ஜெட்டில் அந்த மிச்ச ஆறு மணித்தியாலக் கட்டுப்பாட்டையும் உள்ளூர் கவுன்சில்களின் கையில் கொடுத்துத் தளர்த்தப் பார்த்தார். 2016 மார்ச் 9 இல் வாக்கெடுப்பு, 317 க்கு 286, உங்கள் அரசாங்கம் தோற்றது. இந்த முறை எதிர்த்து வாக்குப் போட்ட உங்கள் ஆக்கள் 27 பேர். முன்னுக்கு நின்றவர்களில் ஒருவர் டேவிட் பரோஸ். ஸ்கொட்லாந்துத் தேசியக் கட்சியும் எதிர்த்தது. அங்கே இந்தக் கட்டுப்பாடே கிடையாது, ஆனால் இங்கே தளர்த்தினால் தங்கள் தொழிலாளருக்கு இருக்கிற ஞாயிறு மேலதிகச் சம்பளமும் போய்விடும் என்று பயந்தார்கள். முப்பது வருசத்தில் 72 பேர் 27 பேரானார்கள். அந்த வெள்ளைக்கார அம்மாவின் சபை குறைந்த மாதிரித்தான். இன்றைக்கு ஒரு வாக்கெடுப்பு வைத்தால் எத்தனை பேர் இருப்பீர்கள்?

"காலம் மாறிவிட்டது, திரும்பப் போகமுடியாது" என்று ஒரு பதில் வரும் என்று தெரியும். ஜெர்மனியைப் பாருங்கள். வைமார் காலத்து, அதாவது ஹிட்லருக்கு முந்திய காலத்து, அரசியல் சட்ட வரி ஒன்றை இன்றைய அரசியல் சட்டத்துக்குள் அப்படியே வைத்திருக்கிறார்கள், ஞாயிறு என்பது வேலை ஓய்வுக்கும் மனம் உயர்வதற்கும் உரிய நாள் என்று. பெர்லினில் நத்தாருக்கு, கிறிஸ்மசுக்கு, முந்திய நாலு ஞாயிறும் கடை திறக்கலாம் என்று சட்டம் போட்டபோது புரட்டஸ்தாந்து சபையும் கத்தோலிக்கத் திருச்சபையும் வழக்குப் போட்டு, 2009 இல் அரசியல் சட்ட நீதிமன்றத்தில் வென்றன. அங்கே பொருளாதாரம் ஒன்றும் கடலில் மூழ்கவில்லை. போலந்தில் 2018 இலிருந்து படிப்படியாக ஞாயிறு வியாபாரத்தை நிறுத்தினார்கள். கேட்டது சொலிடாரிட்டி தொழிற்சங்கம், செய்தது ஒரு பழமைவாத அரசாங்கம். ஹங்கேரியில் 2015 இல் மூடினார்கள், சனத்துக்குப் பிடிக்கவில்லை, அடுத்த வருசமே திறந்துவிட்டார்கள், அதையும் மறைக்கவில்லை. செய்து பார்த்துத் தோற்கலாம். நீங்கள் செய்து பார்க்கவே இல்லை. ஞாயிறு என்ற சொல்லே உங்கள் மேடைகளில் எனக்குக் கேட்டதில்லை.

கேட்டது எல்லாம் வேறு சண்டைகள். 2013 பெப்ரவரி 5 ஆம் திகதி ஒரே பாலினத்தவர் திருமண மசோதாவில் உங்கள் கட்சியில் 136 பேர் எதிர்த்து வாக்குப் போட்டீர்கள், 127 பேர் ஆதரித்தீர்கள். ஆதரித்த அன்றைய பிரதமர் டேவிட் கமரூன், தான் கன்சர்வேட்டிவ் என்பதால்தான் ஆதரிக்கிறேன் என்றார். அதற்குப் பிறகு கட்சியே இரண்டாகும் என்கிற அளவுக்குக் கோபம், கடிதம், விலகல். எனக்கு அதில் என் கருத்து இருக்கிறது, வயசான ஆள், அதைச் சொல்லி இங்கே நேரத்தை வீணாக்கவில்லை. ஒன்றுமட்டும் சொல்கிறேன். எங்கள் தெருவில் இரண்டு ஆண்கள் கலியாணம் செய்து இருக்கிறார்கள், நாய் வளர்க்கிறார்கள், குப்பைத்தொட்டியை நான் மறந்தால் வெளியே எடுத்து வைக்கிறார்கள். அவர்களால் என் கலியாணத்தில் ஒரு கீறல்கூட விழவில்லை. விழுந்த கீறல் எல்லாம் ரோட்டாவால், அந்த வேலை நேரப் பட்டியலால், விழுந்தது. அந்தக் கோபத்தில் கால்வாசியையாவது ரோட்டாவின் மேல் காட்டியிருக்கலாம்.

காசு விசயத்துக்கு வருகிறேன், சுருக்கமாக. பிள்ளைக் கொடுப்பனவை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு வீட்டில் தகப்பன் மட்டும் 60,000 பவுணுக்கு மேல் உழைத்து, தாய் வீட்டில் பிள்ளை பார்த்தால் அந்தக் கொடுப்பனவு குறையத் தொடங்கும், 80,000 இல் முழுக்கப் போய்விடும். பக்கத்து வீட்டில் இரண்டு பேரும் ஆளுக்கு 59,000 உழைத்தால், மொத்தம் 118,000, ஒரு சதமும் குறையாது. இந்தத் தர்க்கத்தை 2013 இல் கொண்டு வந்தது உங்கள் தலைமையில் இருந்த அரசாங்கம், அப்போது எல்லை 50,000. உங்களுக்கே வெட்கமாக இருந்திருக்கவேண்டும், 2024 இல் உங்கள் நிதியமைச்சர் ஜெரமி ஹன்ட் குடும்ப வருமானத்தைப் பார்க்கிற முறைக்கு மாற்றுவோம் என்றார். மாற்றுவதற்கு முன் தேர்தலில் போய்விட்டீர்கள், தொழிற்கட்சி அதைக் கைவிட்டது. ஒன்பது மாதக் குழந்தைக்கே அரசு செலவில் பராமரிப்பு நேரம் தரத் திட்டம் போட்டீர்கள், நல்லது, ஆனால் தாய் தகப்பன் இருவரும் வேலைக்குப் போனால்தான். தானே வீட்டில் இருந்து குழந்தையைப் பார்க்கிற தாய்க்கு அதே காசில் ஒரு பங்கும் இல்லை. தாயே பிள்ளை வளர்க்கவேண்டும் என்று மேடையில் சொல்கிறவர்கள் போட்ட திட்டம் இது. மனுசி இதைக் கேட்டுவிட்டு, தன் பிள்ளையை விட்டுவிட்டு மற்றவள் பிள்ளையைப் பார்த்தால் சம்பளம், தன் பிள்ளையைப் பார்த்தால் ஒன்றும் இல்லை, அப்படித்தானே என்றாள். ஓம், அப்படித்தான்.

பெற்றவர்களுக்காகவும் சேர்ந்து இருக்கவேண்டும் என்று க்ரூகர் சொன்னாரே. 2012 இல் உங்கள் அரசாங்கம் மாற்றிய குடிவரவு விதிப்படி, வெளிநாட்டில் இருக்கிற வயசான தாய் தகப்பனை இங்கே கூப்பிடவேண்டும் என்றால், அவர்களால் உடுத்தவும் குளிக்கவும் சமைக்கவும் முடியாத நிலை வரவேண்டும், அதோடு அந்தப் பராமரிப்பை அந்த நாட்டில் காசு கொடுத்தும் எடுக்கமுடியாது என்று காட்டவேண்டும். இரண்டும் ஒன்றாக அமைவது அரிது. என் அம்மாவுக்கு 81 வயசு, யாழ்ப்பாணத்து மானிப்பாயில் தனியாக இருக்கிறா, காசு கொடுத்தால் ஆள் வரும், ஆகவே விதிப்படி அவவுக்கு மகன் தேவையில்லை. ஞாயிறு இரவுதான் வட்ஸ்அப்பில் கதைப்பேன். அங்கே விடியப்புறம், தேத்தண்ணி வைத்துக்கொண்டு கதைப்பா. மனைவியைக் கூப்பிடுவதற்கு 2012 இல் 18,600 பவுண் சம்பளம் கேட்டீர்கள், 2024 ஏப்ரலில் 29,000 ஆக்கினீர்கள், 38,700 வரை கொண்டுபோகிற திட்டமும் இருந்தது. முழுநேரம் டில்லில் நிற்கிறவனின் சம்பளம் எவ்வளவு என்று உங்களில் யாருக்காவது தெரியுமா? இந்தக் கட்டுப்பாடு வெள்ளைக்காரப் பிள்ளைக்கும்தான். பிரேசில்காரியைக் கட்டின லீட்ஸ் பெடியனும் அதே வரிசையில்தான் நிற்கிறான்.

குடிவரவைக் கட்டுப்படுத்தவேண்டும் என்று சொல்லுங்கள், அது உங்கள் உரிமை, எங்கள் ஆக்களிலேயே பாதிப் பேர் அப்படித்தான் சொல்கிறார்கள். குடும்பம் புனிதமானது என்றும் சொல்லுங்கள். ஒரே வாயால் இரண்டையும் சொல்லும்போது எதை விட்டுக்கொடுத்தீர்கள் என்பதையும் சேர்த்துச் சொல்லவேண்டும், அவ்வளவுதான்.

என்ன வேண்டும் என்று கேட்பீர்கள். 1950 க்குத் திரும்பச் சொல்லவில்லை. ஆஸ்பத்திரி, பஸ், முதியோர் இல்லம் ஞாயிறும் ஓடவேண்டும், மனுசி அதில்தான் வேலை செய்கிறாள். அந்த மிச்ச ஆறு மணித்தியாலத்தில் கை வைக்காதீர்கள், "வளர்ச்சி" என்று யாராவது திரும்பவும் கொண்டு வந்தால் அந்த 27 பேரின் பக்கத்தில் நில்லுங்கள். பத்து மணியைப் பன்னிரண்டு ஆக்கமுடியுமா என்று யோசியுங்கள், காலையாவது மிஞ்சும். பிள்ளை உள்ள தாய் தகப்பனுக்கு மாதத்தில் இரண்டு ஞாயிறு சேர்ந்து லீவு கேட்கிற உரிமையைச் சட்டத்தில் எழுதுங்கள். பெரிய கடை முதலாளிகள் கத்துவார்கள். அவர்கள் கத்தும்போது நீங்கள் யார் பக்கம் என்று அன்றைக்கு எங்களுக்குத் தெரிந்துவிடும், அடுத்த மாநாட்டுக்கு நுழைவுச்சீட்டு எடுத்து வந்து கேட்கவேண்டிய தேவை இல்லை.

உங்கள் சட்டத்தில் மிஞ்சியிருக்கிற ஒரு நல்ல காரியத்தைச் சொல்லாமல் விட்டால் பாவம். ஈஸ்டர் ஞாயிறு. சைவ சமயக்காரன் வீட்டில் வருசத்தில் நிச்சயமாக எனக்குக் கிடைக்கிற ஒரே ஞாயிறு அதுதான். நத்தாருக்கும் கடை பூட்டு, ஆனால் அது ஞாயிறில் வருவது எப்போதாவது. ஈஸ்டருக்கு மனுசி எப்படியாவது ஷிஃப்ட் மாற்றி லீவு எடுத்துவிடுவாள். நான் காலையில் நண்டு கழுவுவேன். மகள் பதினொரு மணிவரை படுப்பாள், யாரும் எழுப்பமாட்டோம். வெளியே ரோட்டில் கார்ச் சத்தம் இல்லை. போன ஈஸ்டருக்கு மகன், "அப்பா, இண்டைக்கு என்ன, கேர்ஃபியூ மாதிரி இருக்கு" என்றான். கேர்ஃபியூ, ஊரடங்கு என்கிற அந்தச் சொல்லை அவனுக்குச் சொல்லிக் கொடுத்தது நான்தான், எனக்கே சிரிப்பு வந்துவிட்டது. நாலு பேரும் ஒரு மேசையில் இருந்து நண்டை உடைத்தோம், ஒன்றரை மணித்தியாலம், ஒருவரும் மணிக்கூட்டைப் பார்க்கவில்லை. உங்கள் யேசுநாதருக்கு அன்று மனதார ஒரு கும்பிடு போட்டேன்.

அடுத்த மாதம் ஈலிங்கில் தேர். ரோட்டாவில் அந்த ஞாயிற்றுக்கு என் பெயருக்கு நேரே ஒன்பதரை முதல் நாலரை என்று போட்டிருக்கிறது. மாற்றித் தரச்சொல்லி எழுதிக் கொடுத்திருக்கிறேன். மனேஜர் நல்ல பிள்ளை, 26 வயசு, குஜராத்தி, அவருடைய கைக்குழந்தையை அவர் பகலில் பார்ப்பதே அரிது. வியாழக்கிழமை சொல்கிறேன் என்றிருக்கிறார். உங்களிலும் சிலர் ஒவ்வொரு வருசமும் எங்கள் விழாக்களுக்கு வந்து, கழுத்தில் மாலையோடு படம் எடுத்துக்கொண்டு போவீர்கள், வாருங்கள், சந்தோசம். வந்தால் வடம் பிடிக்கிற இடத்தில் வலப்பக்கமாகப் பாருங்கள். நான் அங்கே இல்லையென்றால் கடைக்கு வாருங்கள், நாலு மணிவரை திறந்திருக்கும்.

இப்படிக்கு,
ஏழாம் நம்பர் டில்லில் நிற்கிறவன்